சுருக்குக

விலை இன்னும் வாய் திறக்கவில்லை.
மாட்டுத்தாவணியில் மணி இரண்டே கால்.
அதுவரைக்கும் மல்லி என்பது ரூபாய் இல்லை,
என் நோட்டில் வெறும் ம.
பிச்சி, பி. அரளிக்கு அ.
பத்தாம் வகுப்பில் எக்ஸும் ஒய்யும்
முகம் காட்டாமலே போய்விட்டார்கள்.
இங்கே மாறிக்கு வாசனை இருக்கிறது.
விடிவதற்குள் அது மூவாயிரமும் ஆகும்,
முந்நூறுக்கும் இறங்கி
சாக்கடை ஓரம் கொட்டியும் கிடக்கும்.

உசிலம்பட்டி வண்டியில் ஒச்சப்பன் வந்தார்.
ஒன்பது கிலோ மல்லி, நான்கு பிச்சி.
போன முகூர்த்தத்தில் தங்கச்சி மகள் கல்யாணத்துக்கு
கைமாற்றாகக் கொண்டுபோனது ஆறு மல்லி.
பணமாக அல்ல, பூவாக; பூவாகவே திருப்ப வேண்டும்.
வண்டி வாடகை நூற்று எண்பது:
அது மாறிலி, மழை பெய்தாலும் தை பிறந்தாலும்
நூற்று எண்பதேதான்.

9ம + 4பி − 6ம − 180

"அந்த ஆறையும் பிச்சியில கழிச்சிக்கம்மா,
எல்லாம் பூத்தானே?"
மல்லி ஏறப்போகிறது என்று
என்னைவிட முன்னால் அவருக்கு வாடை அடித்திருக்கிறது.
"முடியாதுண்ணே" என்றேன்.
மல்லியை மல்லிதான் தின்னும்.
பிச்சி பக்கத்துச் சாக்கில் உட்கார்ந்து
வேடிக்கை பார்க்கும்.

3ம + 4பி − 180

இதற்கு மேல் சுருங்காது.
அவர் அந்தச் சீட்டை நாலாக மடித்து
பீடிக்கட்டுக்குப் பின்னால் செருகிக்கொண்டார்.
எவ்வளவு என்று தெரியாத ஒன்றை
பத்திரமாக.

மூன்று மணிக்கு முதலாளி நாகுமணி
ஓரத்து மூட்டையைக் காலால் தள்ளினார்:
"உள்ள கொஞ்சம் காக்கடா கெடக்கு.
பிரிக்காத. மல்லி முப்பத்தொண்ணுன்னு போடு."
ட்யூப்லைட்டில் வெள்ளையும் வெள்ளையும் ஒன்றுதான்.
குனிந்தேன். மூட்டையின் ஒரு பாதி
பேசிக்கொண்டே இருந்தது; மறுபாதி ஊமை.
24ம + 7கா என்று எழுதினேன்.
"பெரிய டீச்சருன்னு நெனப்பு" என்றார்.
அடிக்கவும் இல்லை அதை.

நாலரைக்கு விலை வந்தது.
ம, ஆயிரத்து நானூறு. பி, அறுநூறு.
ஒச்சப்பனுக்கு ஆறாயிரத்து நானூற்று இருபது.
எண்ணிவிட்டு மறுபடி எண்ணினார்.
சிரித்த மாதிரிதான் இருந்தது,
டீ டம்ளர் மறைத்துவிட்டது.

சனிக்கிழமை. கடைசிப் பக்கம், கூலி.

சோணைமுத்து 6 ரா, ஒன்றுக்கு 650
பஞ்சவர்ணம் 6 ரா, ஒன்றுக்கு 480

ரா என்றால் ராத்திரி.
பத்து மணியிலிருந்து ஏழு மணி வரை
ஒரே தராசு, ஒரே ஈரச் சாக்கு,
எனக்குக் கூடுதலாக இந்த நோட்டு.
நாலு வருஷமாக இந்த இரண்டு வரியையும்
என் கையாலேயே எழுதியிருக்கிறேன்,
இரண்டு பூ மாதிரி.
இன்றைக்கு ஏனோ
பேனா இரண்டாவது வரிக்கு இறங்கவில்லை.

ஒத்த உறுப்புகள் என்று புத்தகத்தில் இருந்தது.
கெழு எதுவாகவும் இருக்கலாம்,
பின்னால் நிற்கும் எழுத்து ஒன்றாக இருந்தால் போதும்.
பரீட்சையில் இரண்டு மார்க்.
அன்றைக்கு எனக்குக் கிடைத்தது ஒன்று.

சோணைமுத்து, பஞ்சவர்ணம்: 12 ரா × 650 = 7800

போன வாரத்தைவிட ஆயிரத்து இருபது கூட.
சோணைமுத்து தலையில் அரளி மூட்டையோடு நின்று
எழுத்துக்கூட்டி வாசித்தான்.
"கூட்டல் சரியாத்தான இருக்கு"
என்று பொதுவாகச் சொல்லிவிட்டு
மேலூர் வண்டிப் பக்கம் நடந்தான்.

நாகுமணியின் விரல் மேலிருந்து வருகிறது,
அரளி, சம்பங்கி, சாக்குக் கழிவு எல்லாம் தாண்டி
அந்த வரியில் நிற்கிறது.
"என்னது இது?"

"சுருக்கியிருக்கேன்."

கண்ணாடியைக் கழற்றித் துடைக்கிறார்.
வேட்டி ஈரம். துடைக்கத் துடைக்க
இன்னும் மங்குகிறது.